ட்ரெபிளைக் கொறைங்கண்ணே

ஜன்னல் ஓரத்த எனக்குக் குடுத்துடுங்க சார். தப்பா எடுத்துக்காதீங்க. எனக்கு இந்தப் பக்கம் ஆள் உக்காந்தாத்தான் பேச வசதி. ஆமா, அப்படியே. மரக்காணமா நீங்க? நான் பாண்டிச்சேரி. ரெண்டு மணி நேரம் இருக்கு. தூங்கறதுன்னா தூங்குங்க, ஒண்ணும் நெனச்சுக்க மாட்டேன். ஆனா ஒண்ணே ஒண்ணு கேட்டுடறேன்.

இப்ப உங்க போன் அடிச்சுதே, அந்தப் பாட்டு. டொக், டொக்-டொக்னு ஆரம்பிக்குதே. அது யாரு பாட்டு?

தேசிங்கு பாட்டு. பாத்தீங்களா, அப்படித்தான் எல்லாரும் சொல்றாங்க. 'கருவாட்டு ராசா', தேசிங்கு பாட்டு. காலேஜ் பசங்ககிட்ட கேளுங்க, டீக்கடையில கேளுங்க, தேசிங்கு. பாடினது அவன்தான். வார்த்தையும் அவன் வார்த்தைதான். நான் இல்லன்னு சொல்லல. ஆனா அந்த டொக்? அது நான் சார். அவங்கம்மா வீராம்பட்டினத்துல மீன் வெட்டறப்ப கத்தி கட்டையில விழுதே, அந்தச் சத்தம் அது. ரெண்டு நாள் பக்கத்துல குந்திக்கினு மைக்க நீட்டிப் பதிவு பண்ணேன். வஞ்சிரத்துக்கு ஒரு சத்தம், சங்கராவுக்கு ஒரு சத்தம். முள்ளுல கத்தி படறப்ப ஒரு கீச்சு வரும், அதையும் விடல. சட்டையெல்லாம் செதிள். எமில்டா, எங்க வீட்டுக்காரி, சட்டைய வாசல்லயே கழட்டிட்டு உள்ள வான்னுட்டா. அப்படிப் பண்ண பாட்டு. அத இன்னொருத்தன் பாட்டுன்னு நாடே சொல்லுது.

என் பேரு சவரிமுத்து. டி.ஜே. சவரின்னு சொன்னா பாண்டிச்சேரில தெரியாத ஆள் கெடையாது. ஒரு காலத்துல.

எங்க சித்தப்பா பாரிஸ் பக்கத்துல இருந்தாரு, ரயில்வேயில வேலை. எங்க ஊர்ல தெருவுக்குப் பத்துப் பேர் பிரான்ஸ்ல இருப்பாங்க. வர்றவங்க சென்ட்டு கொண்டு வருவாங்க, சாக்லேட்டு கொண்டு வருவாங்க. எங்க சித்தப்பா தொண்ணூத்து நாலுல ரெண்டு டர்ன்டேபிள் கொண்டு வந்தாரு. ரிக்கார்டு சுத்துற மெஷின் சார், ரெண்டு. கூட ஒரு பெட்டி ரிக்கார்டு, ஒரு வீடியோ கேசட்டு. கறுப்புப் பசங்க, அரபுப் பசங்க, பாரிஸ் குடியிருப்புல ரோட்டோரமா நின்னுக்கினு அந்த மெஷின்ல ரிக்கார்ட முன்னயும் பின்னயும் தள்ளுறானுங்க. விக்கி-விக்கினு அது பேசுது. எனக்கு அப்ப பதினாறு வயசு. அன்னிக்கு முடிவு பண்ணேன், இதுதான்னு.

எங்கப்பாவுக்குப் புரியவே இல்ல. அவருக்கு ரிக்கார்டுன்னா தொடைச்சு உறையில போட்டு பீரோவுல வைக்கிற பொருளு. "நல்ல ரிக்கார்டத் தேய்ச்சுத் தேய்ச்சுப் பாழாக்குறியேடா பாவி"ன்னு கத்துவாரு. "அதாம்ப்பா வேலையே"ன்னு சொன்னா அடிக்க வருவாரு. நெல்லித்தோப்புல மொட்டை மாடி ரூம்ல முட்டை அட்டைய செவுத்துல ஒட்டிக்கினு நாலு வருஷம் தேய்ச்சேன். அப்பல்லாம் இதச் சொல்லித்தர ஒருத்தன் கெடையாது. ஒரு ரிக்கார்டு சுத்திக்கினு இருக்கும்போதே அடுத்த ரிக்கார்டு எந்த எடத்துல வரணும்னு காதுல பிடிக்கணும். ஒரு காதுல ஹெட்போன், இன்னொரு காது ஹால்ல. எனக்கு ஹெட்போன் எப்பவும் இடது காதுதான். அதுதான் வேலை செய்யிற காது. ஸ்பீக்கர் சத்தத்த மீறிக் கேக்கணும்ல, அதனால ஹெட்போன்ல சத்தத்த முழுசா ஏத்தி வச்சிடுவேன். ஒவ்வொரு ஜூலை பதினாலும் பிரெஞ்சுக்காரங்க விழாவுல நான்தான். ஓட்டல் பார்ட்டி, காலேஜ் விழா, கல்யாண வரவேற்பு, எல்லாம் நான்தான். முப்பது வருஷம். ஒரு நாள் காதுல பஞ்சு வச்சது கெடையாது. பஞ்சு வச்சுக்கினு டி.ஜே. பண்றவனெல்லாம் இருக்கான். அவன் கையுறை போட்டுக்கினு சாப்புடறவன் சார்.

என்ன? மரக்காணம் இன்னும் வரல சார், கோவளமே இப்பத்தான்... ஓ, மாத்திரையா? மாத்திரை போட்டீங்களான்னு கேட்டீங்களா. இல்ல, அது மிட்டாய். எனக்கு பஸ் ஆகாது.

தேசிங்கு கதைக்கு வரேன். அரியாங்குப்பத்துல ஒரு கல்யாண வரவேற்பு. ரெண்டாயிரத்து ஒம்பது. நான் பாட்டு போட்டுக்கினு இருக்கேன். மண்டப வாசல்ல எவனோ வண்டிய நிறுத்திட்டான், மாப்பிள்ளை கார் உள்ள வரமுடியல. பொண்ணோட சித்தப்பா பதறிக்கினு வந்து மைக்ல சொல்லச் சொன்னாரு. நான் ரிக்கார்ட மாத்திக்கினு இருக்கேன், கை சும்மா இல்ல. பக்கத்துல ஐஸ் பெட்டி எறக்க வந்த பையன் ஒருத்தன் நிக்கிறான். லுங்கி. இருபது வயசு இருக்கும். "நீ சொல்லுடா"ன்னு மைக்க அவன் கையில குடுத்தேன். அவன் மைக்க வாங்கிக்கினு ஒரு மூச்சு விட்டான் பாருங்க:

"வாசல்ல நிக்குற நீலப் பல்சரு, வரவேற்பு முடியுமுன்ன ஆவும் பஞ்சரு. மாப்ள காரு நிக்குது தெருவுல, மகராசன் நீ எங்கடா விருந்துல?"

மண்டபமே திரும்பிடுச்சு. நான் சும்மா இருப்பனா? அடியில ஒரு பீட்ட எறக்கினேன். அவன் விடல. பிரியாணிய இழுத்தான், ஐயர இழுத்தான், வண்டிக்காரனோட மாமியார இழுத்தான். வண்டிக்காரன் பந்தியில பாதியில எழுந்து எச்சக் கையோட ஓடுறான். பொண்ணு மேடையில வயித்தப் புடிச்சுக்கினு சிரிக்குது. எல்லாம் முடிஞ்சதும் நான் கேட்டேன்.

"எங்கடா கத்துக்கின?"

"எதண்ணே?"

"இப்பப் பேசினியே."

"அது பேச்சுதாண்ணே. மீன் ஏலத்துல எங்கம்மா இதவிட வேகமாப் பேசும்."

அவனுக்கு ராப்புன்னா என்னன்னே தெரியாது சார். நான்தான் சொன்னேன். மொட்டை மாடிக்குக் கூட்டிக்கினு போய் உக்கார வச்சு, பாரிஸ் ரிக்கார்டெல்லாம் போட்டுக் காட்டி, பார்னு சொல்ற தாளக் கட்ட எப்படி எண்ணணும், எங்க மூச்சு விடணும், எல்லாம். அஞ்சு வருஷம். கடலுக்குப் போய்ட்டு மத்தியானம் வருவான், எமில்டா சோறு போடுவா, சாயங்காலம் வரைக்கும் பாட்டு. ரெண்டு ஆல்பம் போட்டோம். மொதல் ஆல்பத்துல 'டி.ஜே. சவரி வழங்கும்'னு என் பேர் மேல, அவன் பேர் கீழ. அவனே சொன்னான், அப்படித்தான் போடணும்னு. சென்னையிலேருந்து டி.வி.காரங்க வந்தாங்க. மலேசியாவுக்குக் கூப்பிட்டாங்க, போய்ட்டு வந்தோம். நல்லா இருந்துச்சு சார். நல்லாத்தான் இருந்துச்சு.

அப்புறம்தான் அந்தப் பேச்சு ஆரம்பிச்சுது. ட்ரெபிள்.

உங்களுக்குச் சொல்றேன். பாட்டுல அடியில தும்-தும்னு வர்றது பேஸு. மேல ஜால்ரா மாதிரி, ஊசி மாதிரி வர்றது ட்ரெபிளு. ச, ஸ, இந்த எழுத்தெல்லாம் அங்கதான் குடியிருக்கும். மூணாவது ஆல்பத்துக்குக் குரலையும் பீட்டையும் சேத்து மிக்ஸ் பண்ணிப் போட்டுக் காட்றேன், தேசிங்கு நெளியறான்.

"அண்ணே, ட்ரெபிளைக் கொஞ்சம் கொறைங்கண்ணே. காது குத்துது."

"எதுல கேட்ட?"

"இதோ, இதுலதாண்ணே. உங்க ஸ்பீக்கர்ல."

"நீ நேத்து கடலுக்குப் போன. காதுல காத்து ஏறி இருக்கும்."

சிரிச்சுட்டு விட்டுட்டான். அடுத்த பாட்டுக்கும் அதே பேச்சு. அதுக்கடுத்த பாட்டுக்கும். எனக்கு என்னான்னா, ட்ரெபிள் பத்தவே இல்ல சார். கேக்கவே மந்தமா இருக்குது. அந்தக் காலத்து மெஷினு ஒழுங்கா இருந்துச்சு, இப்ப வர்றதெல்லாம் மட்டம். நான் ஏத்துறேன், ஏத்துறேன், இன்னும் மந்தமாவே இருக்குது. ஸ்பீக்கர மாத்தினேன். அந்தக் கம்பெனியும் சரியில்ல. இவன் என்னடான்னா கொறை கொறைன்னு நிக்கிறான். எமில்டாவும் அவன்கூடச் சேர்ந்துக்கினா. கீழ சமையல் ரூம்ல நின்னுக்கினே கதவச் சாத்துவா. அவளுக்கு எப்பவும் தேசிங்குன்னா ஒரு படி மேல. தம்பி மாதிரி.

ஊரே முணுமுணுன்னு பேசுது சார் இப்பல்லாம். கவனிச்சீங்களா? ஒருத்தனும் வாயத் தொறந்து பேச மாட்டேங்கறான். போன்ல பேசினா அதைவிட மோசம். டி.வி.யில நாடகம் ஓடுது, என்னா பேசுறானுங்கன்னு ஒண்ணும் வெளங்கல. அந்தக் காலத்து ஆளுங்க வார்த்தைய வெட்டி வெட்டிப் பேசுவாங்க. இப்ப யாருக்கு அந்தப் பயிற்சி?

சரி. 'கருவாட்டு ராசா' பண்ணோம். ரெண்டு மாசம். நான் என் கையால மிக்ஸ் பண்ணி முடிச்சு அவங்கிட்ட குடுத்தேன். "நாளைக்கு நெட்டுல ஏத்திடு"ன்னேன். பாட்டு வெளிய வருது. நான் போட்டுக் கேக்கறேன். என் பாட்டே இல்ல சார் அது! போர்வையப் போட்டு மூடின மாதிரி இருக்குது. முள்ளுல கத்தி படற கீச்சு எங்க? காணோம். எவனோ கை வச்சிருக்கான்.

தேசிங்கக் கூப்பிட்டு நிக்க வச்சேன்.

"எவன்டா என் பாட்டத் தொட்டவன்?"

அவன் தலையக் குனிஞ்சுக்கினான். "நான்தாண்ணே. சென்னையில ஒருத்தர்கிட்ட குடுத்து மேல மட்டும் கொஞ்சம் சரி பண்ணேன். பீட்ட யாரும் தொடல."

"எங்கிட்ட ஒரு வார்த்த சொன்னியா?"

"இருவது வாட்டி சொன்னண்ணே."

"எப்ப சொன்ன?"

அவன் என் ஸ்பீக்கரக் கையக் காட்டினான். அப்புறம் மெதுவா, "அண்ணே, கோச்சுக்காதீங்க. ஒரே ஒரு வாட்டி டாக்டர்கிட்ட காட்டலாம். நான் கூட வரேன். அக்காவும் சொல்லுது"ன்னான்.

எனக்குப் பத்திக்கினு வந்துச்சு. அக்காவும் சொல்லுதாம்! எம்முதுகுக்குப் பின்னாடி அவனும் எமில்டாவும் உக்காந்து எனக்கு வியாதி கண்டுபுடிச்சிருக்காங்க. போர்வை மூடின மாதிரி ஒரு பாட்ட ஏத்திட்டு வந்து, அதுக்குக் காரணம் என் காதாம். "உன் தொண்டைய நீ பாரு, என் காத நான் பாத்துக்கறேன். எறங்குடா கீழ"ன்னேன். எறங்கிப் போய்ட்டான்.

அந்தப் பாட்டு ஓடுச்சு. நான் இல்லன்னு சொல்லல. ஒரு கோடி பேர் பாத்தானாம், ரெண்டு கோடி பேர் பாத்தானாம். ஜனங்களுக்கு என்னா தெரியும்? என் மிக்ஸ் போயிருந்தா நாலு கோடி பேர் பாத்திருப்பான். அப்புறம் அவன் போட்ட ஒவ்வொரு பாட்டுக்கும் கீழ, 'கற்றுக்கொடுத்தவர் டி.ஜே. சவரி'ன்னு எழுதறான். என் பீட்டே இல்லாத பாட்டுக்கும் எழுதறான். சின்ன எழுத்துல. யார் கேட்டா?

ஆனா சார், அதையெல்லாம்கூட நான் விட்டுடுவேன். பெரிய மனசு பண்ணி விட்டுடுவேன். மூணு வருஷத்துக்கு முன்னாடி அவன் பண்ணான் பாருங்க ஒரு காரியம், அதத்தான் என்னால விட முடியல.

டிசம்பர் மாசம். பாண்டிச்சேரி மைதானத்துல அவனோட பெரிய நிகழ்ச்சி. அவனே வீட்டுக்கு வந்தான், பொண்டாட்டியோட, பழத்தட்டோட. வாசல்ல நிக்கிறான். எமில்டா அழுவுறா. "அண்ணே, நீங்க வரணும். நீங்க இல்லாம நான் மேடை ஏறமாட்டேன்"ங்கறான். சரி, வீடு தேடி வந்துட்டான். போனோம். சாயங்காலம் நாலரை மணி, வெயில் இன்னும் எறங்கல. ரெண்டாவது வரிசையில சீட்டு, இடது பக்க ஸ்பீக்கருக்கு நேரா. நீலச் சட்ட போட்டுக்கினு போனேன், எமில்டா இஸ்திரி போட்டுக் குடுத்தது.

பத்தாயிரம் பேர் சார். எனக்கு நெஞ்சு நெறைஞ்சு போச்சு. உண்மையச் சொல்றேன். ஐஸ் பெட்டி தூக்கின பையன். நாலு பாட்டு பாடினான். அஞ்சாவதா கருவாட்டு ராசா. அதுக்கு முன்னாடி பாட்ட நிறுத்திட்டுப் பேச ஆரம்பிச்சான். நம்ம பேர் வரும்னு நான் நிமிர்ந்து உக்காந்தேன். பேசுறான், பேசுறான். பின்னாடி கூட்டம் ஓன்னு கத்துது, ஒண்ணும் தெளிவாக் கேக்கல. மைக்க வாய்க்குள்ளாற வச்சுக்கினு பேசுறான், நான் கத்துக்குடுத்தது அப்படியா? கைய முன்வரிசைப் பக்கம் நீட்டுறான். எனக்கு முன்னாடி சோபாவுல ஒரு கட்சிக்காரரு மாலையோட உக்காந்திருக்காரு. ஓஹோ, அவருக்குத்தான் நன்றி சொல்றான்னு நெனச்சேன். கத்துக்குடுத்தவனுக்கு இல்ல, கட்சிக்காரருக்கு.

அப்ப பாருங்க, பக்கத்துல இருக்கறவன்லாம் என்னத் திரும்பிப் பாத்துச் சிரிக்கிறான். ஒருத்தன் ரெண்டு பேர் இல்ல. வரிசை வரிசையா. எமில்டா என் கையப் புடிச்சு இழுக்கறா, எழுந்திரு எழுந்திருன்னு. அவளுக்கும் அவமானமாப் போச்சு, போயிடலாங்கறான்னு நெனச்சேன். எழுந்தேன். நடு வழியில விறுவிறுன்னு நடந்தேன். கூட்டம் கை தட்டுது சார்! ஒருத்தன் மனசு ஒடஞ்சு வெளிய போறான், அதுக்குக் கை தட்டுறானுங்க. நான் திரும்பியே பாக்கல. ஆட்டோ புடிச்சு வீட்டுக்கு வந்துட்டேன்.

எமில்டா பின்னாடியே இன்னொரு ஆட்டோவுல வந்தா. வந்து ஒரு பாடு அழுதா. "உங்களத்தான்யா கூப்புட்டான். மேடைக்கு வரச்சொல்லி ரெண்டு வாட்டி கூப்புட்டான். கை தட்டினது நீங்க மேடைக்குப் போறீங்கன்னு நெனச்சு"ங்கறா. எனக்குத் தெரியாதா சார்? என் மனசு நோகக் கூடாதுன்னு சொல்றா. அவ எப்பவும் அப்படித்தான். அப்படியே கூப்பிட்டிருந்தா எனக்குக் கேட்டிருக்காதா? என் பேரு சார். பொறந்ததுலேருந்து கேக்கற பேரு.

அதுக்கப்புறம் அவன் வீட்டுக்கு வந்தான். கதவத் தொறக்கல. போன் பண்ணான், என்னமோ முணுமுணுத்தான், வச்சுட்டேன். மூணு வருஷம் ஆச்சு, ஒரு வார்த்த கெடையாது.

இப்ப கல்யாண வேலைதான் பண்றேன். அதுவும் சரியில்ல. போன மாசம் வில்லியனூர்ல ஒரு வரவேற்பு. பொண்ணோட அப்பா வந்து கையெடுத்துக் கும்புடறாரு. "ஐயா, கொழந்தைங்கள்லாம் அழுவுது, கொஞ்சம் கொறைங்க"ன்னு. பாத்தா எல்லாக் கொழந்தையும் காதப் பொத்திக்கினு நிக்குது. மண்டபம் தகரக் கூரை சார், எதிரொலிக்கும். நான் என்ன பண்றது? அவரு என்ன வேணாம்னுட்டு, அவர் மச்சான் போன்லேருந்தே பாட்டு போட்டுக்கினாரு. நான் ஒயர் சுருட்டிக்கினு நிக்கறேன்.

ஏன் இதெல்லாம் உங்ககிட்ட சொல்றேன்னு தெரியல. யார்கிட்டயாவது சொல்லணும்ல.

போன ஞாயித்துக்கெழம நடந்தது சொல்றேன். காலையில பூசைக்குப் போய்ட்டு வந்து மாடியில உக்காந்து ஹெட்போன சோதிச்சேன். அதுக்கு ஒரு முறை இருக்குது. கம்ப்யூட்டர்லேருந்து கலப்பில்லாம ஒரு விசிலு அனுப்பணும். சுருதிய அடியிலேருந்து ஆரம்பிச்சு மேல ஏத்திக்கினே போகணும். ஏத்தினேன். ஐநூறு ஹெர்ட்ஸ், கேக்குது. ஆயிரம், கேக்குது. ரெண்டாயிரத்துல தள்ளிப் போச்சு. நாலாயிரத்துல ஒண்ணுமே இல்ல. ஹெட்போன் போயிடுச்சுன்னு கழட்டி வச்சுட்டு, பெரிய ஸ்பீக்கர்ல போட்டேன். அதுலயும் இல்ல. சத்தத்த ஏத்தினேன். இல்ல. திரையில பாத்தா மீட்டர் முள்ளு செகப்புல போய் நிக்குது. சத்தம் போகுதுங்குது மெஷினு. எனக்கு ஒண்ணும் வரல. ஒயர் போயிடுச்சு. ஒயர மாத்தினேன். அதுவும் போயிடுச்சு. இன்னொரு ஒயரு. மூணு ஒயரும் ஒரே நாள்ல போகுமா சார்? முழுசா ஏத்தினேன்.

படியில எமில்டா ஓடி வர்றா. ரெண்டு கையாலயும் காதப் பொத்திக்கினு இருக்கா. கையில மாவு. அவ வாய் பெருசாத் தொறக்குது. ஜன்னல்ல பாத்தேன், எதிர்வீட்டுக்காரரு சட்டையில்லாம வெளிய வந்து நம்ம மாடியப் பாக்கறாரு. அவங்க நாயி மூக்கத் தூக்கி ஊளையிடுது.

எனக்கு மட்டும் ரூம் அமைதியா இருந்துச்சு.

நிறுத்தினேன். "ஒயர் போயிடுச்சு"ன்னு எமில்டாகிட்ட சொன்னேன். அவ மாவுக் கையோட என் தலைய இழுத்து வயித்துல வச்சுக்கினா.

இன்னிக்கு அவகிட்ட சொல்லாமத்தான் சென்னை வந்தேன். ரிச்சி தெருவுல ஒயர் வாங்கப் போறேன்னு சொல்லிட்டு வந்தேன். அடையாறுல ஒரு காது டாக்டரம்மா. சின்னப் பொண்ணு. கண்ணாடி ரூம்ல உக்கார வச்சு, ஹெட்போன மாட்டி, சத்தம் கேட்டா பட்டன அமுக்குன்னாங்க. மொதல்லயே சொல்லிட்டேன், "அம்மா, இது மட்டமான ஹெட்போனு, இதுல சரியா வராது"ன்னு. சிரிச்சுக்கினாங்க. முடிஞ்சு ஒரு தாள்ல கோடு போட்டுக் குடுத்தாங்க. அந்தக் கோட்ட எனக்கு வெளக்க ஆரம்பிச்சாங்க. எனக்கு வெளக்கணுமா சார்? முப்பது வருஷமா அந்தக் கோட்டத்தான் பாத்துக்கினு இருக்கேன். பாட்டுக்குப் போடற கோடு அது. இடது காதுக் கோடு மொதல்ல நேராப் போகுது, ரெண்டாயிரத்துல சரியுது, நாலாயிரத்துல மொட்டை மாடியிலேருந்து விழுந்த மாதிரி விழுது. வலது காது கொஞ்சம் தேவல. இந்தக் கோட்டோட ஒருத்தன் எங்கிட்ட மிக்ஸ் கொண்டு வந்திருந்தா, மூஞ்சியில எறிஞ்சிருப்பேன். போர்வையப் போட்டு மூடி வச்சிருக்கியேடான்னு.

"எத்தன வருஷமா எல்லாரையும் திருப்பிச் சொல்லச் சொல்றீங்க?"ன்னு கேட்டாங்க.

"நான் சொல்லச் சொல்லல. அவங்க ஒழுங்காப் பேசல"ன்னேன்.

அந்தம்மா ஒரு காகிதத்துல எழுதிக் குடுத்தாங்க. மெஷின் வச்சுக்கலாம், ஓரளவு கேக்கும், போனது திரும்ப வராதுன்னு. அழகான கையெழுத்து.

திருவான்மியூர்ல பஸ்ஸுக்கு நின்னப்ப போனத் தொறந்தேன். அன்னிக்கு நிகழ்ச்சியோட வீடியோ இதுல இருக்குது. எமில்டா என்னிக்கோ ஏத்தி வச்சது. நான் பாத்ததே இல்ல. நேர்ல இருந்தவன், எனக்கு எதுக்கு வீடியோன்னு இருந்துட்டேன். இன்னிக்குப் பாத்தேன். அவன் வாய் அசையுது. ஏதோ சத்தம் வருது. என் பேரா இல்லையான்னு தெரியல. ஸ்டாண்டுல நின்னுக்கினு எட்டு வாட்டி பாத்துட்டேன், தெரியல சார்.

நீங்க ஒரு உதவி பண்ணணும். எமில்டா எனக்காகப் பொய் சொல்லுவா. நீங்க யாரோ, உங்களுக்கு என்னா வந்துச்சு. இதக் காதுல வச்சுக் கேளுங்க. என் பேர் வந்தா, எத்தன வாட்டின்னு விரல்ல காட்டுங்க. வாயால வேணாம். விரல் போதும்.

இதோ, இங்கேருந்து. தண்ணி குடிக்கிறான் பாருங்க. இப்பப் பேசுவான்.

ஒண்ணு. சரி.

ரெண்டு. எமில்டா ரெண்டுன்னுதான் சொன்னா. அப்ப அவ பொய் சொல்லல.

எதுக்கு இன்னொரு விரலத் தூக்கறீங்க? மூணா? பாருங்க, அந்த நீலச் சட்ட நான்தான். எழுந்துக்கறேன். இப்ப நடு வழியில நடக்கறேன். கை தட்டறாங்க.

நாலு.

இப்ப என் முதுகு மட்டும்தானே தெரியுது. நான் வாசல் கேட் பக்கம் போய்ட்டேன். அவன் மேடையிலேருந்து எறங்கிட்டான் பாருங்க, மைக்கோட ஓடி வர்றான். இப்பவுமா கூப்புடறான்? இப்பவுமா சார்?

அஞ்சு.

குடுங்க போன.

இல்ல சார், ஒண்ணுமில்ல. தூசி. ஜன்னல் தொறந்திருக்குல்ல.

இருங்க, நம்பர் இருக்குது, அழிக்கல. நீங்களும் கொஞ்சம் காதக் கிட்ட வைங்க. அடிக்குதா? எனக்கு உர்ருன்னு ஒண்ணுதான் வருது. எடுத்துட்டானா? என்னா சொல்றான்?

அண்ணேன்னா?

அதுக்கப்புறம்? வேற ஒண்ணும் சொல்லலையா? சரி, விடுங்க. நான் பேசறேன்.

டேய். சவரிதான்டா. கத்திப் பேசு. இன்னும் கத்து. எனக்குக் காது கேக்கலடா.